பியெரோகிக்குள் தாய்லாந்து மசாலா: பால், முட்டை, மீன் இல்லாமல் செய்ய வழி சொல்லுங்கள்

காளான்கூடை (கிராக்கோவ்):

வணக்கம் மக்களே. போலந்தின் கிராக்கோவில் குடியிருக்கிறேன். பியெரோகி (மாவு வட்டத்துக்குள் பூரணம் வைத்து மடித்து நீரில் வேகவைக்கும் போலந்துப் பண்டம்) வீட்டில் அடிக்கடி செய்வதுதான், மாவு திரட்டுவதும் மடிப்பதும் பழக்கம், அதனால் அடிப்படையிலிருந்து யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. வருகிற சனிக்கிழமை பத்துப் பன்னிரண்டு பேர் வீட்டுக்குச் சாப்பிட வருகிறார்கள். என்னோடு வேலை பார்க்கும் போலந்துக்காரர் ஒருவர் முழு வீகன், பால், வெண்ணெய், முட்டை, தேன் எதையும் தொடமாட்டார். இன்னொருவர் தாய்லாந்துப் பெண், கோன் கேன் ஊர்க்காரர், இங்கே படிக்க வந்தவர், வீட்டுச் சாப்பாட்டை நினைத்து ஏங்கிக்கொண்டிருக்கிறார். இருவரும் ஒரே தட்டில் கைவைக்க வேண்டும், இருவருக்குமே தன் ஊர்ச் சாப்பாடு நாக்கில் தட்டுப்பட வேண்டும், அப்படி ஒரு பியெரோகி செய்ய ஆசை.

இந்த மாதிரி ஒன்றை வெளியில் சாப்பிட்டிருக்கிறேன். சாதாரண உருளைக்கிழங்கு பியெரோகியைப் பொரித்து, மேலே புட்டியிலிருந்து இனிப்பு மிளகாய் சாஸை ஊற்றி, அதற்குத் தாய்லாந்துப் பெயர் வைத்து விற்றார்கள். இரண்டு ஊர்ச் சமையலுக்கும் அதில் மரியாதை இல்லை. அதனால்தான் இங்கே கேட்கிறேன்.

நான் எப்போதும் மாவில் ஒரு முட்டை சேர்ப்பேன், அதை எடுத்துவிட்டால் மாவு பிரியாமல் நிற்குமா? பூரணத்துக்குத் தாய்லாந்துப் பச்சைக் கறி (கிரீன் கரி) மசாலாவையும் தேங்காய்ப்பாலையும் சேர்த்து ஏதாவது செய்யலாமா என்று யோசிக்கிறேன், ஆனால் வேகும்போது வாய் திறந்துகொள்ளுமோ என்ற பயம் இருக்கிறது. மீன் சாறும் இறால் விழுதும் இல்லாமல் அந்த ஆழமான ருசி எங்கிருந்து வரும்? அப்புறம் மேலே போடும் புளித்த கிரீமுக்கு என்ன வழி? இந்த இரண்டு சமையலும் தெரிந்தவர்கள் கொஞ்சம் நேரம் ஒதுக்கிச் சொன்னால் நன்றாக இருக்கும்.

மாவுக்கை (வார்சா):

முட்டையைப் பற்றிக் கவலையே வேண்டாம் தோழி. போலந்தில் எத்தனையோ வீடுகளில் பியெரோகி மாவில் முட்டை போடும் வழக்கமே கிடையாது, வெந்நீர், எண்ணெய், உப்பு அவ்வளவுதான். முட்டை சேர்த்தால் மாவு விறைப்பாகும், ஆறிய பிறகு ரப்பர் போல இழுக்கும். வெந்நீரில் பிசைந்தது அப்படி இல்லை. சூட்டில் மாவிலுள்ள ஸ்டார்ச் பாதி வெந்து நிறையத் தண்ணீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும், குளூட்டனின் இழுவிசையும் குறையும், அதனால் தேய்த்த வட்டம் திரும்பச் சுருங்காது. 500 கிராம் டைப் 500 வெள்ளைக் கோதுமை மாவுக்கு (மைதா போன்றது) 250 மில்லி வெந்நீர், 3 மேசைக்கரண்டி கனோலா எண்ணெய் (இங்கே எல்லாக் கடையிலும் கிடைக்கிற ஜெபாகோவி எண்ணெய்தான்), 1 தேக்கரண்டி உப்பு. தண்ணீரை மொத்தமாகக் கொட்டாமல் மரக்கரண்டியால் கிளறிக்கொண்டே ஊற்றுங்கள், கை பொறுக்கும் சூட்டுக்கு வந்ததும் ஐந்தாறு நிமிடம் நன்றாகப் பிசைந்து, கிண்ணத்தைக் கவிழ்த்து மூடி அரை மணி நேரம் விட்டுவிடுங்கள். மாவு வறண்டு தெரிந்தால் இன்னும் 2 கரண்டி வெந்நீர். பிசைந்து முடித்ததும் மாவு கொஞ்சம் கூடுதலாக நெகிழ்ந்து இருப்பதுபோல் தோன்றும், அந்த நேரத்தில் மேலும் மாவைத் தூவிக் கெடுத்துவிடாதீர்கள், அரை மணி நேரத்தில் தானாகவே பதத்துக்கு வரும்.

பூரணத்துக்கு வருகிறேன். பச்சைக் கறியும் தேங்காய்ப்பாலும் வேண்டாம் என்பது என் கருத்து. தேங்காய்ப்பாலில் தண்ணீரும் இருக்கிறது, கொழுப்பும் இருக்கிறது. தண்ணீர் மாவை உள்ளிருந்து ஊறவைக்கும், கொழுப்பு ஓரத்தில் பட்டுவிட்டால் எவ்வளவு அழுத்தினாலும் ஒட்டாது, கொதிக்கிற நீரில் போட்ட இரண்டாவது நிமிடமே வாய் பிளக்கும். நீங்கள் பயந்தது சரியான பயம்தான்.

எதைச் செய்யலாம் என்றால், போலந்தில் ஏற்கெனவே அசைவமும் பாலும் இல்லாமல் இருக்கிற பூரணத்திலிருந்து தொடங்குங்கள். டிசம்பர் 24 ராத்திரி விகிலியா என்கிற கிறிஸ்துமஸ் முந்தின நாள் விருந்துக்கு வைக்கிற 12 பண்டங்களில் இறைச்சி கிடையாது, மீன் உண்டு. அந்த மேசையில் வருகிற முட்டைக்கோஸ் காளான் பியெரோகி, எண்ணெயில் வதக்கினால் அப்படியே வீகன். உங்கள் அலுவலக நண்பர் அதைச் சிறு வயதிலிருந்து சாப்பிட்டவராகத்தான் இருப்பார், வாயில் வைத்ததும் அடையாளம் தெரிந்துவிடும். புளித்த முட்டைக்கோஸ் 1 கிலோ, உலர்ந்த காட்டுக் காளான் 50 கிராம், பெரிய வெங்காயம் 2. கிராக்கோவில் இருப்பதால் உங்களுக்குச் சொல்லவே வேண்டாம், ஸ்தாரி கிளெபாஷ் சந்தைக்குப் போனால் இரண்டும் ஒரே நடையில் கிடைக்கும். பாக்கெட்டில் வாங்கினால் பின்பக்கம் பாருங்கள், முட்டைக்கோஸ், கேரட், உப்பு இவ்வளவுதான் இருக்க வேண்டும். வினிகர் என்று எழுதியிருந்தால் வைத்துவிட்டு வந்துவிடுங்கள், அது நொதித்துப் புளித்தது அல்ல, அதன் புளிப்பு வேகவைத்தால் காரமாகத் தலைதூக்கும்.

காளானை முந்தின ராத்திரியே ஊறவைத்து, அதே தண்ணீரில் அரை மணி நேரம் வேகவிடுங்கள். அந்த நீரைக் கொட்டிவிடாதீர்கள், மண்ணும் தூசியும் அடியில் தங்கும், மேலாக வடித்து வைத்துக்கொள்ளுங்கள், உங்கள் மீன் சாறுக் கேள்விக்குப் பாதிப் பதில் அதில்தான் இருக்கிறது. முட்டைக்கோஸை முதலில் ருசி பாருங்கள், நாக்கைக் கூசவைக்கும் புளிப்பாக இருந்தால் மட்டும் ஒரு தடவை அலசலாம். 40 நிமிடம் வேகவைத்து, ஆறியதும் துணியில் கட்டி ஒட்டப் பிழிந்து, கத்தியால் மிகப் பொடியாக நறுக்குங்கள். மிக்ஸியில் அடித்தால் கூழாகிவிடும்.

வழக்கமாக இதில் சீமைச்சோம்பு, மிளகு, பிரிஞ்சி இலை எல்லாம் போடுவார்கள். தாய்லாந்து மசாலா சேரப்போகிறது என்றால் சீமைச்சோம்பையும் மார்ஜோரத்தையும் அறவே விட்டுவிடுங்கள், எலுமிச்சைப்புல்லோடு இரண்டுமே சண்டை போடும். மிளகு இருக்கலாம். மசாலாப் பக்கத்தை விஷயம் தெரிந்த யாராவது எழுதுங்கள், என் வேலை மாவோடு முடிந்தது.

சிலோம்வாசி (பாங்காக்):

மாவுக்கை சொன்ன முட்டைக்கோஸ் காளான்தான் சரியான இடம். தாய்லாந்துக்காரர்களுக்குப் புளித்த கீரை ஒன்றும் அந்நியம் இல்லை, புளிக்கவைத்த கடுகுக்கீரையை இங்கே பக் காட் டோங் என்று பாக்கெட் பாக்கெட்டாக விற்கிறார்கள், காவ் சோய் என்ற நூடுல்ஸ் குழம்புக்கு அது இல்லாமல் ஆகாது. ஆக உள்ளே இருக்கும் புளிப்பு உங்கள் தோழிக்கும் பழகிய புளிப்புதான்.

ஆனால் உங்கள் பதிவில் எனக்குப் பிடிபட்ட முக்கியமான சொல் கோன் கேன். அது ஈசான் பகுதி, வடகிழக்கு. அந்தப் பக்கத்துச் சமையலில் தேங்காய்ப்பால் குறைவு, மூலிகை, புளிப்பு, சுட்ட மிளகாய், வறுத்த அரிசிப் பொடி இவைதான் ஆட்சி செய்யும். பச்சைக் கறி என்றால் பாங்காக் உணவகத்து ஞாபகம் வரலாமே தவிர அவர் அம்மா ஞாபகம் வராது. இப்போது கவனியுங்கள்: போலந்தில் உருளைக்கிழங்கு, வெள்ளரி, சூப்பு என்று எல்லாவற்றின் மேலும் தூவுகிறார்களே கோப்பெரெக், நம்மூர் சதகுப்பைச் செடியின் இலை, அதே டில் கீரைதான் ஈசானில் பக் சீ லாவ். கேங் ஓம் என்ற குழம்பில் அதைக் கைப்பிடி கைப்பிடியாகப் போடுவார்கள். தாய்லாந்தின் மற்ற பகுதிகளில் அந்தக் கீரைக்கு இவ்வளவு மவுசு கிடையாது. உங்கள் இரண்டு விருந்தாளிகளும் ஒரே கீரையைச் சாப்பிட்டு வளர்ந்தவர்கள், இதைவிட நல்ல இணைப்பு வேறு எதுவும் கிடைக்காது. எலுமிச்சைப்புல்லும் டில்லும் ஒன்றாகப் போகுமா என்று யோசிக்காதீர்கள், கேங் ஓமில் இரண்டும் ஒரே சட்டியில்தான் கொதிக்கின்றன.

மசாலாவுக்கு: எலுமிச்சைப்புல் 3 தண்டு (அடியிலுள்ள வெள்ளைப் பகுதி மட்டும், வெளித்தோலை இரண்டு சுற்று உரித்து), பேரரத்தை ஒரு கட்டைவிரல் அளவு, சின்ன வெங்காயம் 5, பூண்டு 6 பல், விதை நீக்கி ஊறவைத்த வரமிளகாய் 5 அல்லது 6, வெள்ளை மிளகு 1 தேக்கரண்டி, கொத்தமல்லி வேர். வேரோடு கொத்தமல்லி அங்கே கிடைக்காவிட்டால் தடித்த தண்டைப் போடுங்கள். மக்ருத் எலுமிச்சை இலை 5, நடு நரம்பைக் கிழித்தெடுத்துவிட்டு இலையைச் சுருட்டி நூல் நூலாக நறுக்க வேண்டும். நரம்போடு போட்டால் பியெரோகிக்குள் நார் மாதிரி பல்லில் மாட்டும். கல்லுரலில் இடிக்க முடிந்தால் இடியுங்கள், முதலில் உப்போடு எலுமிச்சைப்புல், பேரரத்தை, மிளகாய், கடைசியில் ஈரமான வெங்காயமும் பூண்டும். அந்த வரிசையை மாற்றினால் புல்லின் நார் வழுக்கிக்கொண்டே இருக்கும், மசியாது. மிக்ஸி என்றால் தண்ணீர் விடாமல் ஒரு கரண்டி எண்ணெய் விட்டு அரையுங்கள்.

இறால் விழுதுக்குப் பதில் தாவ் ஜியாவ், அதாவது நொதித்த மஞ்சள் சோயா விழுது, ஒன்றரை மேசைக்கரண்டி. பீன்ஸை நசுக்கிச் சேருங்கள். மீன் சாறுக்குப் பதில் தாய்லாந்து வெள்ளை சோயா சாஸ் (லைட் சோயா சாஸ்), ஆனால் கொஞ்சமாக, ஏனென்றால் முட்டைக்கோஸிலும் தாவ் ஜியாவிலும் ஏற்கெனவே உப்பு இருக்கிறது. காளான் வேகவைத்த நீரை நான்கைந்து கரண்டி ஊற்றிச் சுண்டவிட்டால் மீன் சாறு இல்லாத குறை தெரியாது. இங்கே ஜே என்கிற சைவ விரதச் சாப்பாட்டுக் கடைகளிலும் காளான் நீரும் சோயாவும்தான் அந்த வேலையைச் செய்கின்றன.

கடையில் டப்பா மசாலா வாங்கும் எண்ணம் இருந்தால் ஒன்று சொல்கிறேன். பெரும்பாலான சிவப்பு, பச்சை மசாலாக்களில் இறால் இருக்கும். மஞ்சள் பின்னணியில் சிவப்பு நிறத்தில், தூரத்தில் பார்த்தால் 17 என்று எழுதியது போன்ற ஒரு குறி இருந்தால் அது ஜே, இறைச்சி, மீன், முட்டை, பால் இல்லாதது. ஆனால் ஜே விரதத்தில் பூண்டு வெங்காயமும் விலக்கு, அதனால் அந்த மசாலாவில் அவை இருக்காது, நீங்கள் தனியாக வதக்கிச் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

சேர்க்கும் முறை இதுதான். 3 மேசைக்கரண்டி எண்ணெயில் மசாலாவைச் சிறு தீயில் பச்சை வாசனை போகும்வரை வதக்கி, பொடியாக நறுக்கிய காளான், முட்டைக்கோஸ், காளான் நீர், ஒரு தேக்கரண்டி பனைவெல்லம் சேர்த்து, அடியில் ஈரமே தெரியாத அளவுக்குச் சுருள வதக்குங்கள். இறக்கியபின் இரண்டு மேசைக்கரண்டி வறுத்த அரிசிப் பொடி. பச்சைப் பசையரிசியை வெறும் வாணலியில் பொன்னிறம் தாண்டி லேசான பழுப்பு வரும்வரை வறுத்து கொரகொரப்பாகப் பொடித்தது, காவ் குவா என்பார்கள். அது மிச்ச ஈரத்தைக் குடித்துவிடும், அதோடு ஈசான் வாசனை உள்ளேயே வந்து உட்கார்ந்துவிடும். டில் கீரையை முழுக்க ஆறிய பிறகு கலக்குங்கள், ஒரு முழுக் கட்டு.

காளான்கூடை (கிராக்கோவ்):

டில் விஷயம் படித்துவிட்டு அந்தப் பெண்ணிடமே கேட்டேன், கேங் ஓம் என்றதும் அவர் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்! இங்கே கோப்பெரெக்கைக் கட்டுக்கட்டாக வாங்கிக் குழம்பில் போட்டுக்கொண்டிருக்கிறாராம், என்னிடம் சொல்லவே இல்லை. ரொம்ப நன்றி சிலோம்வாசி.

பேரரத்தை உலர்ந்ததுதான் ஒரு கடையில் இருக்கிறது, அதை வாங்கலாமா? இன்னொன்று, வருகிறவர்களில் மூன்று பேர் புளித்த முட்டைக்கோஸ் சாப்பிடமாட்டார்கள், அவர்களுக்கு உருளைக்கிழங்கில் ஏதாவது செய்ய வேண்டும். ருஸ்கியே (உருளைக்கிழங்குப் பியெரோகி) என்றால் துவாருக் என்ற பாலாடை இல்லாமல் முடியாதே.

மாவுக்கை (வார்சா):

உலர்ந்தது வேண்டாம், ஊறவைத்தாலும் மரக்கட்டைதான், சூப்பில் போட்டு எடுத்துவிடத்தான் அது லாயக்கு. வியட்நாம்காரர்கள் நடத்தும் கடைகளில் பேரரத்தை, எலுமிச்சைப்புல், மக்ருத் இலை மூன்றும் உறையவைத்த பாக்கெட்டில் கிடைக்கும். போலந்தில் அவர்கள் நிறையப் பேர் இருப்பதால் நமக்கு இந்த வசதி. வார்சாவுக்கு வர வேண்டியிருந்தால் வுல்கா கொசோவ்ஸ்காவில் ஒரு சுற்றுச் சுற்றுங்கள், ஆசியச் சாமான்களின் மொத்த வியாபாரம் அங்கேதான். உறைந்த பேரரத்தையை உருகவிடாமல் அப்படியே மெல்லிசாகச் சீவிவிட்டு இடித்தால் சுலபமாக மசியும்.

டப்பாக்களில் பொருள் பட்டியலைப் படிக்கும்போது ஸ்கொருபியாகி (ஓட்டுமீன் வகை), ரிபி (மீன்), கிரெவெட்கி (இறால்) என்ற மூன்று சொற்களைத் தேடுங்கள். ஐரோப்பிய ஒன்றியத்தில் ஓட்டுமீன் வகையும் மீனும் ஒவ்வாமைப் பொருள் பட்டியலில் இருப்பதால் அவற்றைத் தடித்த எழுத்திலோ வேறுவிதமாகவோ எடுப்பாகக் காட்டியாக வேண்டும், அதனால் போலிஷ் அரைகுறையாகத் தெரிந்தாலும் கண்ணில் பட்டுவிடும். பட்டியலே இல்லாமல் மேலே இலைப்படம் மட்டும் போட்டிருக்கிற சாமானை நம்ப வேண்டாம்.

பூண்டுப்பல் (வ்ரோத்ஸ்வாஃப்):

உருளைக்கிழங்குக் கேள்விக்கு நான் சொல்கிறேன். எல்லோரும் காளானையே பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள், மசமான் என்று ஒரு கறி இருப்பதை மறந்துவிட்டீர்களே! தாய்லாந்துக் கறிகளில் உருளைக்கிழங்கு இயல்பாகவே இருக்கிற கறி அது. பட்டை, ஏலக்காய், சீரகம், புளி, வேர்க்கடலை, எல்லாம் உருளைக்கிழங்கோடு ஏற்கெனவே ஒத்துப்போனவை. ருஸ்கியேவின் உடம்பு உருளைக்கிழங்கு, உயிர் நன்றாக வறுத்த வெங்காயம். இரண்டையும் விடாமல் மசமானைச் சேர்த்தால் இழுத்துப்பிடித்து ஒட்டவைத்த மாதிரி இருக்காது.

கிழங்கு 800 கிராம், பாக்கெட்டில் டைப் சி என்று போட்டிருக்கும் மாவுக் கிழங்கு. சாலட்டுக்கான டைப் ஏ வாங்கினால் மசித்ததும் பசைபோல் ஆகும். தோலோடு வேகவைத்து, உரித்து, சூடாக இருக்கும்போதே மசித்துப் பரப்பி ஆவி போகவிடுங்கள். துவாருக்குக்குப் பதில் சாதா டோஃபு, 200 கிராம் பாக்கெட் ஒன்று. துணியில் சுற்றி, மேலே கனமான சட்டியை வைத்து அரை மணி நேரம் அழுத்தி நீரை எடுத்துவிட்டு, விரலால் உதிர்த்து, அரை எலுமிச்சைச் சாறு, முக்கால் தேக்கரண்டி உப்பு, புளித்த முட்டைக்கோஸ் ஜாடியிலிருந்து இரண்டு கரண்டி நீர் சேர்த்துப் பிசறி, குறைந்தது ஒரு மணி நேரம் குளிரில் வையுங்கள். அந்தப் புளித்த நீர்தான் முக்கியம், எலுமிச்சை மட்டும் என்றால் புளிப்பு தனியாக நிற்கும், இது சேர்ந்தால் பாலாடையின் புளிப்புக்குப் பக்கத்தில் வரும். முட்டைக்கோஸ் பிடிக்காதவர்களுக்குக்கூட அது உள்ளே இருப்பது தெரியாது, ஆனாலும் ஒவ்வாமை ஏதும் உண்டா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

தேங்காய்ப்பாலை அடியோடு ஒதுக்க வேண்டும் என்று மாவுக்கை சொன்னதில் எனக்கு உடன்பாடு இல்லை. பாலாக ஊற்றினால்தான் ஆபத்து. டப்பாவைக் குளிரில் வைத்து மேலே உறைந்திருக்கும் கெட்டிப் பகுதி மட்டும் 3 மேசைக்கரண்டி எடுத்து, வாணலியில் போட்டு எண்ணெய் பிரிந்து சடசட என்று பொரியும்வரை காய்ச்சி, அதில் 2 மேசைக்கரண்டி மசமான் மசாலாவை வதக்குங்கள். அந்த நேரத்தில் தண்ணீர் எல்லாம் போய்விட்டிருக்கும், மிஞ்சுவது வாசனையான எண்ணெய்தான், அதைக் கிழங்கு குடித்துவிடும். கெட்டிப் புளிக்கரைசல் 1 மேசைக்கரண்டி, பனைவெல்லம் 1 தேக்கரண்டி. தனி எண்ணெயில் 3 வெங்காயத்தைப் பொடியாக நறுக்கி ஆழ்ந்த பழுப்பு வரும்வரை வறுத்து, முக்கால் பங்கை உள்ளே கலந்து, கால் பங்கை மேலே போட வைத்துக்கொள்ளுங்கள். வேர்க்கடலையை உள்ளே போடவேண்டாம், வறுத்து ஒன்றிரண்டாக உடைத்துத் தனிக் கிண்ணத்தில் வையுங்கள். கடலை ஒவ்வாதவர் யாராவது இருந்தால் ஆபத்து குறையும், அதோடு உள்ளே போட்டால் வெந்து மெத்தென்று ஆகிவிடும், மொறுமொறுப்பு வெளியில்தான் நிற்கும். மசமான் டப்பாவில் கடலையும் இறாலும் சேர்த்தே அரைத்திருக்கலாம், அதையும் பார்த்து வாங்குங்கள்.

மாவுக்கை (வார்சா):

சரி, அந்த முறையில் காய்ச்சிய தேங்காய்ப்பாலுக்கு நானும் ஓட்டுப் போடுகிறேன், கிழங்குப் பூரணத்துக்கு மட்டும். முட்டைக்கோஸ் பக்கம் வேண்டவே வேண்டாம், அங்கே கொழுப்பைக் குடிக்க எதுவும் இல்லை.

அளவு சொல்லவில்லையே. 500 கிராம் மாவில், 2 மில்லிமீட்டர் கனத்துக்குத் தேய்த்து, 7 அல்லது 8 சென்டிமீட்டர் வாயுள்ள கண்ணாடி டம்ளரால் வெட்டினால் 50, 60 பியெரோகி வரும். பன்னிரண்டு பேருக்கு ஆளுக்கு எட்டு என்றால் 1 கிலோ மாவு பிசையுங்கள், ஒவ்வொரு பூரணத்துக்கும் அரைக் கிலோ. ஒரே உருண்டையாகப் பிசைந்து வைக்காமல் இரண்டாகப் பிசையுங்கள், முதல் பாதி முடிவதற்குள் இரண்டாவது காய்ந்துபோகாது. ஓரங்களை இரண்டு தடவை அழுத்துங்கள், முதலில் விரலால் காற்றை வெளியே தள்ளி மூடி, அப்புறம் சோமாசிக்கு ஓரம் மடிப்பதுபோல் சின்னச் சின்னதாக மடித்துக்கொண்டே போங்கள். எண்ணெய் பட்ட விரலைத் துடைக்காமல் ஓரத்தைத் தொடாதீர்கள். பூரணம் கொஞ்சம்கூடச் சூடாக இருக்கக் கூடாது.

வேகவைக்க அகலமான பாத்திரம், நிறையத் தண்ணீர், உப்பு. ஒரு தடவைக்கு 12, 15 மேல் போடாதீர்கள், போட்டதும் மரக்கரண்டியின் பின்பக்கத்தால் அடியைத் தொட்டு ஒரு தள்ளு, இல்லாவிட்டால் ஒட்டிக்கொள்ளும். மேலே மிதந்த பிறகு 2 அல்லது 3 நிமிடம், தண்ணீர் கொந்தளிக்காமல் மெல்லக் கொதிக்க வேண்டும். ஓட்டைக் கரண்டியால் எடுத்து எண்ணெய் தடவிய தட்டில் ஒன்றன்மேல் ஒன்று படாமல் வையுங்கள்.

விருந்தன்று எல்லாவற்றையும் செய்ய முயலாதீர்கள். வியாழக்கிழமை பூரணம், வெள்ளிக்கிழமை மடிப்பது. மாவு தூவிய தட்டில் ஒன்றையொன்று தொடாமல் அடுக்கி உறையவைத்து, கல்லான பிறகு பையில் போட்டுக்கொள்ளலாம். சனிக்கிழமை உறைந்தபடியே கொதிநீரில் போடுங்கள், உருகவிட்டால் அடி ஈரமாகிக் கிழியும். மிதந்த பிறகு 4, 5 நிமிடம் வேண்டியிருக்கும். எல்லாவற்றையும் வேகவைத்து மட்டும் வைக்காதீர்கள். பாதியை வெந்ததும் ஆறவிட்டு வாணலியில் இரண்டு பக்கமும் பொன்னிறமாக வாட்டிக் கொடுங்கள். போலந்துக்காரர்கள் மறுநாள் பியெரோகியை அப்படித்தான் சாப்பிடுவார்கள், பலருக்கு முதல் நாளைவிட அதுதான் பிடிக்கும். மசமான் கிழங்குக்கு அந்த மொறுமொறுப்பு நன்றாகப் பொருந்தும், முட்டைக்கோஸை வேகவைத்தபடியே விடலாம்.

காளான்கூடை (கிராக்கோவ்):

அருமை, எல்லாவற்றையும் தாளில் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டியாயிற்று. புளித்த கிரீமும் தொட்டுக்கொள்ளும் சாஸும் மட்டும் பாக்கி. அலுவலகத்தார் பலருக்குக் காரம் பழக்கமில்லை, வரமிளகாய் 6 என்பது ஒரு கிலோ முட்டைக்கோஸுக்குக் கூடுதலா?

சிலோம்வாசி (பாங்காக்):

விதை நீக்கியிருந்தால் கூடுதல் இல்லை, நிறம்தான் வரும். இருந்தாலும் உள்ளே 3 போட்டுவிட்டு, மீதிக் காரத்தை வெளியே தொட்டுக்கொள்ள வைப்பது நல்லது. யாருக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு எடுத்துக்கொள்வார்கள், உங்கள் தோழி நிச்சயமாக நிறைய எடுப்பார்.

ஈசானில் நாம் ஜிம் ஜேவ் என்று ஒரு சாஸ் உண்டு, சுட்ட இறைச்சிக்குத் தொட்டுக்கொள்வது. மீன் சாறை எடுத்துவிட்டால் வீகன். கெட்டிப் புளிக்கரைசல் 3 மேசைக்கரண்டி, வெள்ளை சோயா சாஸ் 2 மேசைக்கரண்டி, பனைவெல்லம் 1 மேசைக்கரண்டி, இவற்றை லேசாகச் சூடாக்கிக் கரைத்து ஆறவிட்டு, வறுத்துப் பொடித்த மிளகாய் 2 தேக்கரண்டி, வறுத்த அரிசிப் பொடி 1 மேசைக்கரண்டி, மெல்லிசாக நறுக்கிய சின்ன வெங்காயம், கொத்தமல்லி. அரிசிப் பொடியைப் பரிமாறுவதற்குச் சற்று முன்னால் மட்டும் கலக்குங்கள், அரை மணி நேரம் நின்றால் சாஸ் கஞ்சியாகிவிடும்.

கிரீமுக்குப் பூண்டுப்பல் சொன்ன அதே குளிர்ந்த தேங்காய்க் கெட்டிப் பால், ஒரு லைம் சாறு, உப்பு, பொடியாக நறுக்கிய டில். சர்க்கரை சேர்க்காத சோயா தயிர் கிடைத்தால் பாதிக்குப் பாதி கலந்துகொள்ளுங்கள், தேங்காய் மட்டும் என்றால் கொஞ்சம் கனமாக இருக்கும், தயிர் சேர்ந்தால் புளித்த கிரீமின் இலேசான தன்மை வரும்.

பூண்டுப்பல் (வ்ரோத்ஸ்வாஃப்):

மேலே தூவ வறுத்த சின்ன வெங்காயம் கட்டாயம். பியெரோகி மேல் போலந்துக்காரர்கள் போடும் ஒக்ராசாவும் வறுத்த வெங்காயம்தான், தாய்லாந்திலும் எதற்கெடுத்தாலும் மேலே அதுதான், வறுக்கும் பக்குவம் மட்டும் வேறு. போலந்தில் மெதுவாகப் பழுக்கவிட்டு மெத்தென்று வைப்பார்கள், தாய்லாந்தில் மொறுமொறுவென்று. முட்டைக்கோஸ் பியெரோகிக்கு மொறுமொறுப்பானதைப் போடுங்கள். சின்ன வெங்காயத்தை ஒரே கனத்தில் மெல்லிசாகச் சீவி, சூடாகாத எண்ணெயிலேயே போட்டு, நடுத்தரத் தீயில் கிளறிக்கொண்டே வாருங்கள். முதலில் வெறுமனே குமிழி விடும், ஐந்தாறு நிமிடம் ஒன்றுமே நடக்காதது போலிருக்கும், அப்புறம் சட்டென்று ஓரங்கள் மஞ்சளாகும். அந்த வெளிர்ப் பொன்னிறத்திலேயே வடித்துவிடுங்கள், தட்டில் கிடக்கும்போதே இன்னும் ஒரு நிறம் ஏறும். சட்டியிலேயே பழுப்பாகும்வரை விட்டால் கசக்கும். வடித்த எண்ணெயைக் கொட்டாதீர்கள், வெந்த பியெரோகி ஒட்டாமல் இருக்கத் தட்டில் தடவச் சொன்னாரே மாவுக்கை, அதற்கு அந்த எண்ணெயையே வைத்துக்கொள்ளுங்கள்.